சாயத் தொட்டியில் ரெனால்ட்ஸ்: கொந்தளிப்பைப் பற்றி நாம் அறிந்ததும் கணக்கிடுவதும்

பனியன் துணி நிட்டிங் மெஷினை விட்டு இறங்கியதிலிருந்து கட்டிங் மேசைக்கு வரும்வரை அதைப் பாடாய்ப்படுத்துவது தண்ணீரும் காற்றும்தான். பிளீச்சிங், சாயம், சோப்பிங், ஸ்டென்டர் என்று ஒவ்வொரு கட்டத்திலும் பம்பும் விசிறியும் ஓயாமல் ஓடுகின்றன. அந்த ஓட்டத்தில் பெரும்பகுதி கொந்தளிப்பு ஓட்டம். ஒரு விநாடி முன்பு ஒரு புள்ளியில் நீரின் வேகம் என்னவாக இருந்தது என்று தெரிந்தாலும் அடுத்த விநாடி என்னவாக இருக்கும் என்று சொல்லிவிட முடியாது. சாயப்பட்டறைக்காரருக்கு இது புதிய செய்தியல்ல. ரெசிபி மாறவில்லை, லாட் மாறவில்லை, மெஷினும் மாறவில்லை. ஆனாலும் செக்கிங் விளக்கின் கீழே ஒரு ரோல் துணி சுத்தமாகவும் இன்னொன்று திட்டுத்திட்டாகவும் வருவதை அவர் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார்.

பாய்மங்களின் அசைவுக்கான சமன்பாட்டை நவியே 1822இல் எழுதினார். ஸ்டோக்ஸ் 1845இல் அதற்கு இன்றைய வடிவம் கொடுத்தார். அதில் விடுபட்ட இயற்பியல் ஏதுமில்லை. இருந்தும் அந்தச் சமன்பாட்டுக்கு முப்பரிமாணத்தில் எப்போதும் ஒழுங்கான தீர்வு உண்டா என்று நிறுவுகிறவருக்கு 10 லட்சம் டாலர் தருவதாகக் கிளே கணித நிறுவனம் 2000இல் அறிவித்தது. அந்தப் பரிசு இன்னும் அங்கேயே இருக்கிறது. மறுபக்கம், விமானம் பறக்கிறது, குழாயில் தண்ணீர் வருகிறது, துணியில் சாயம் ஏறுகிறது. புரிந்துகொள்வது ஒரு வேலை, கணித்துக் காரியம் பார்ப்பது வேறொரு வேலை. இரண்டாவது வேலை முதலாவதுக்காகக் காத்திருக்கவில்லை. அப்படிப் புரியாமலே போட்ட கணக்கு எங்கே நிற்கிறது, எங்கே காலை வாருகிறது என்பதில் ஓர் ஒழுங்கு இருப்பதாக எனக்குப் படுகிறது. சராசரி போதும் என்கிற இடத்தில் கணக்கு நிற்கிறது. சராசரி எடுத்தாலும் கரையாத ஒன்று இருக்கும் இடத்தில் நஷ்டம் வருகிறது. திருப்பூர் வட்டாரத்தில் இரண்டுக்கும் உதாரணம் தாராளமாகக் கிடைக்கும்.

மான்செஸ்டரின் சாயக் கோடு

கொந்தளிப்பு பற்றிய நவீன ஆராய்ச்சி ஒரு பருத்தி நகரத்தில், சாயத்தை வைத்துத்தான் தொடங்கியது. மான்செஸ்டரின் ஓவன்ஸ் கல்லூரியில் பேராசிரியராக இருந்த ஆஸ்போர்ன் ரெனால்ட்ஸ் 1883இல் ஒரு கண்ணாடிக் குழாயில் தண்ணீரை ஓடவிட்டு, அதன் நடுவில் மெல்லிய சாயக் கோடு ஒன்றைச் செலுத்தினார். வேகம் குறைவாக இருந்தபோது கோடு கலையாமல் குழாயின் மறுமுனைவரை போனது. வேகத்தைக் கூட்டினால் ஓரிடத்தில் கோடு நடுங்கி, உடைந்து, குழாய் முழுக்க நிறமாகப் பரவியது. வேகத்தையும் குழாயின் விட்டத்தையும் பெருக்கி, நீரின் பாகியலால் வகுத்தால் கிடைக்கும் எண்தான் அந்த மாற்றத்தைத் தீர்மானிக்கிறது என்று அவர் காட்டினார். இன்று பதினொன்றாம் வகுப்பு மாணவர்கூட அதை ரெனால்ட்ஸ் எண் என்று எழுதுகிறார்.

பாடநூல் 2000 என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடும். ஆனால் அந்த எல்லை துல்லியமாக எங்கே என்ற கேள்வி 2011வரை தீரவில்லை. பியோர்ன் ஹோஃப் குழுவினர் அந்த ஆண்டில்தான், குழாயில் தோன்றும் கொந்தளிப்புத் திட்டுகள் அணைவதைவிட வேகமாகப் பெருகத் தொடங்குவது ஏறத்தாழ 2040இல் என்று அளந்து வெளியிட்டார்கள். ஒரு குழாய், ஒரு திரவம், ஓர் எண். அதற்கே 128 ஆண்டுகள். இந்தத் துறையின் வேகம் இது.

இந்த எண்ணை நம் ஊரில் போட்டுப் பார்க்கலாம். பவானி அருகே காவிரியில் எடுத்துத் திருப்பூருக்குக் கொண்டுவரும் குடிநீர், தொழில் நீர்த் திட்டத்தின் கொள்ளளவு நாளொன்றுக்கு 18.5 கோடி லிட்டர். விநாடிக்கு இரண்டாயிரம் லிட்டருக்குமேல். குழாயின் விட்டத்தை ஒன்றரை மீட்டர் என்று வைத்துக்கொண்டால் ரெனால்ட்ஸ் எண் 20 லட்சத்தைத் தாண்டும். சாஃப்ட்ஃப்ளோ சாய மெஷினின் நாசிலில், 10 சென்டிமீட்டர் விட்டத்தில், விநாடிக்கு 3 மீட்டர் வேகத்தில், 60 டிகிரி சூட்டில் சாய நீர் போனால் 6 லட்சம். சுத்திகரிப்பு நிலையத்து ஆர்ஓ சவ்வுகளுக்கு இடையே உள்ள வலைக்குள் நூறு, இருநூறு. அதே நாசிலைத் தாண்டிய நீர் துணிக்குள், நூலின் இழைகளுக்கிடையே உள்ள 10 மைக்ரான் சந்துகளில் புகும்போது 0.02. காவிரிக் குழாயிலிருந்து நூலின் சந்துவரை பத்தின் எட்டாம் படி அளவுக்கு வீச்சு. ஒரே கணக்குமுறை எல்லாவற்றுக்கும் பொருந்தும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

சராசரி செய்த உபகாரம்

ரெனால்ட்ஸ் அத்தோடு நிற்கவில்லை. 1895இல் வேகத்தைச் சராசரி, அதிலிருந்து விலகும் ஏற்ற இறக்கம் என்று இரண்டாகப் பிரித்து, சமன்பாட்டுக்கே சராசரி எடுத்தார். ஏற்ற இறக்கம் மறைந்துவிடும் என்றுதான் யாரும் எதிர்பார்ப்பார்கள். ஆனால் ஏற்ற இறக்கத்தை ஏற்ற இறக்கத்தால் பெருக்கியதன் சராசரி மட்டும் மறையாமல் ஒட்டிக்கொண்டது. அதற்கு ஒரு சமன்பாடு எழுதப் போனால் மூன்றைப் பெருக்கியது வந்து நிற்கும். அதற்கு எழுதினால் நான்கு. தெரியாதவை எப்போதும் சமன்பாடுகளைவிடக் கூடுதல். இந்தச் சங்கிலியை எங்காவது ஓரிடத்தில் அனுமானத்தால் வெட்டித்தான் ஆக வேண்டும். நூறாண்டுகளாகக் கொந்தளிப்பு மாதிரி என்ற பெயரில் வந்தவையெல்லாம் அந்த வெட்டை எங்கே போடுவது என்பது பற்றிய கருத்து வேறுபாடுகள்தாம்.

பூசினெஸ்க் 1877இலேயே ஒரு வழி சொல்லியிருந்தார்: சுழிகள் திரவத்தின் பாகியலைப் பலமடங்கு கூட்டுவதாகப் பாவித்துக்கொள்ளுங்கள். 1925இல் பிராண்டில் அதற்கு ஒரு நீள அளவைக் கொடுத்தார். 1970களில் லாண்டர், ஸ்பால்டிங் இருவரும் சுழிகளின் ஆற்றலுக்கு ஒரு சமன்பாடு, அது கரையும் வேகத்துக்கு இன்னொன்று என்று வைத்து கே-எப்சிலான் மாதிரியைப் பரவலாக்கினார்கள். இன்று சந்தையில் உள்ள எந்தப் பாய்ம மென்பொருளைத் திறந்தாலும் அது இருக்கும். அதன் ஐந்து மாறிலிகளும் எளிமையான சில ஓட்டங்களில் அளந்து பொருத்தியவை. அடிப்படைத் தத்துவத்திலிருந்து இறங்கி வந்தவை அல்ல.

இதைக் கேலி செய்வது சுலபம். ஆனால் காவிரிக் குழாயில் இது போதும். கொந்தளிப்பில் நீரோட்டத்தை இரட்டிப்பாக்கினால் அழுத்த இழப்பு ஏறத்தாழ நான்கு மடங்காகிறது. பம்பின் மின்செலவு எட்டு மடங்கை நெருங்குகிறது. நிக்குராட்சே 1933இல் குழாய்ச் சுவரில் மணல் ஒட்டி அளந்த தரவும், 1944இல் மூடி என்பவர் வரைந்த படமும் கையில் இருந்தால் மின்கட்டணத்தைக் கணிசமான நம்பிக்கையோடு சொல்லிவிடலாம். ஐம்பது கிலோமீட்டர் குழாயில் கோடிக்கணக்கான சுழிகள் ஒன்றையொன்று ஈடுகட்டிவிடுகின்றன. அங்கே சராசரிதான் உண்மை.

ஸ்டென்டருக்குள் வந்தால் கதை மாறுகிறது. விரித்துப் பிடித்த துணியின்மேல் வரிசையாகச் சூடான காற்றுத் தாரைகள் மோதுகின்றன. தாரை நேராக மோதி நிற்கும் அந்தப் புள்ளியில் கே-எப்சிலான் மாதிரி இல்லாத கொந்தளிப்பை உண்டாக்கிக் காட்டும். வெப்பம் மிகையாக ஏறுவதாகச் சொல்லும். பூசினெஸ்க் போட்ட அந்த ஒற்றைப் பாகியல் அனுமானம்தான் குற்றவாளி. இழுபடும் திசையையும் நெருக்கப்படும் திசையையும் அதற்குப் பிரித்தறியத் தெரியாது. 1993இல் கேட்டோவும் லாண்டரும் ஒரு ஒட்டுப்போட்டார்கள். பிறகு வேறு சிலரும் போட்டார்கள். ஸ்டென்டர் வடிவமைக்கிறவர் எந்த மாதிரியை மென்பொருளில் தேர்ந்தெடுத்தார் என்று தெரியாமல் அவர் தரும் வண்ணப்படத்தைப் பார்த்து மயங்குவதில் பயனில்லை.

சாயம் நூலின் வாசலுக்கு எப்படி வருகிறது

சாஃப்ட்ஃப்ளோ மெஷினை நின்று பார்க்க வேண்டும். துணி கயிறுபோல் திரண்டு, நாசில் வழியாகப் பாயும் சாய நீரால் இழுக்கப்பட்டு, மெஷினுக்குள்ளேயே சுற்றி வருகிறது. ஒரு சுற்றுக்கு ஓரிரு நிமிடம். பழைய வின்ச்சில் ஒரு கிலோ துணிக்கு 20 லிட்டர் நீர் போனது. இப்போது 6, காற்றால் துணியை ஓட்டும் மெஷின்களில் 4 வரை இறங்கிவிட்டது. இதற்கு இயந்திர நாகரிகம் மட்டும் காரணமில்லை. ரியாக்டிவ் சாயத்துக்கு உப்பை லிட்டர் கணக்கில்தான் போடுகிறார்கள். அடர்நிறத்துக்கு லிட்டருக்கு 80 கிராம் என்றால், 100 கிலோ துணிக்கு வின்ச்சில் 160 கிலோ உப்பு, 6 லிட்டர் கணக்கில் 48 கிலோ. அந்த உப்பு முழுவதும் கழிவில் வரும். சாயக்கழிவை ஒரு சொட்டும் வெளியே விடாத முறைக்கு மாறச் சொல்லி 2006இலும், மாறாத சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி 2011 ஜனவரியிலும் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்ட பிறகு, உப்பு என்பது ஆவியாக்கி மீட்க வேண்டிய செலவாகிவிட்டது. நீர் குறைந்ததால், அதே துணியை அதே வேகத்தில் ஓட்ட, மிச்சமுள்ள ஒவ்வொரு லிட்டரும் முன்னைவிடப் பலமாக அடிபடுகிறது. நொய்யல் ஆற்றுக்காகப் போட்ட உத்தரவு நாசிலுக்குள் ஓட்டத்தின் தன்மையையே மாற்றியிருக்கிறது.

உள்ளே நடப்பது இரண்டு கட்டம். முதலில் சாயம் நீரில் கலக்க வேண்டும். ரிச்சர்ட்சன் 1922இல் சொன்னபடி, பெரிய சுழி உடைந்து சிறிய சுழி, அது உடைந்து இன்னும் சிறியது என்று ஆற்றல் இறங்குகிறது. கோல்மகரோவ் 1941இல் அந்த இறக்கத்தின் அடிமட்டம் எங்கே என்று காட்டினார்: பாகியல் சுழியைக் கரைத்துவிடும் அளவில். நம் நாசிலில் அது ஏறத்தாழ 10 மைக்ரான். ஒரு பருத்தி இழையின் தடிமனும் கிட்டத்தட்ட அதே வீச்சு. சாயத்தின் கதை அங்கேயும் முடியாது. சாய மூலக்கூறு நீரில் பரவும் வேகம், நீர் தன் வேகத்தைப் பகிர்ந்துகொள்ளும் வேகத்தைவிட ஏறத்தாழ ஆயிரம் மடங்கு குறைவு. ஆகவே சுழிகள் அடங்கிய பிறகும் சாயம் மெல்லிய தாள்களாக இழுபட்டுக்கொண்டே போகும். பேட்சிலர் 1959இல் காட்டிய கணக்குப்படி, மிகச்சிறிய சுழியைவிட முப்பது மடங்கு நுண்மை வரை. அதாவது ஒரு மைக்ரானில் மூன்றில் ஒரு பங்கு.

இரண்டாவது கட்டத்தில் கொந்தளிப்புக்கு வேலையே இல்லை. துணியின் மேற்பரப்பை ஒட்டி, அசையாத நீராக ஒரு மெல்லிய படலம் நிற்கும். ஒரு மில்லிமீட்டர் அசையாத நீரைச் சாய மூலக்கூறு தானாகக் கடக்க அரை மணிநேரத்துக்கு மேலாகும். அதையே பத்தில் ஒன்றாக மெலித்துவிட்டால் 20 விநாடி. நூறில் ஒன்றாக்கினால் கண்ணிமைக்கும் நேரம். கொந்தளிப்பின் உபயோகம் முழுவதும் அந்தப் படலத்தைச் சுரண்டி மெலிப்பதில் இருக்கிறது. அதற்குப் பின்னால், நூலுக்குள், ரெனால்ட்ஸ் எண் 0.02 உள்ள இடத்தில் எந்தச் சுழியும் நுழைய முடியாது. விருந்தாளியைத் தெருமுனையிலிருந்து வாசல்வரை தள்ளிக்கொண்டு வந்துவிட்டுத் திரும்பிவிடும் கூட்டம்தான் கொந்தளிப்பு. வாசற்படியை அவர் தாமே ஏற வேண்டும்.

இதை வைத்துத் திட்டு விழுவதை யோசித்தால் ஒரு வியப்பு. சுழிகள் தாறுமாறாக இருப்பதால் சாயமும் தாறுமாறாக ஏறுகிறது என்றுதான் சட்டென்று தோன்றும். நடப்பது தலைகீழ். துணி ஒரு மணிநேரத்தில் முப்பது, நாற்பது முறை நாசிலைக் கடக்கிறது. ஒவ்வொரு கடப்பிலும் தாறுமாறாகக் கூடக் குறைய ஏறியது, அடுத்தடுத்த கடப்புகளில் ஈடாகிவிடும். மெஷினே சராசரி எடுக்கிறது என்று சொல்லலாம். ஈடாகாதது எது? கயிறு திரும்பத் திரும்ப அதே மடிப்போடு நாசிலுக்குள் போவது. நாசிலின் ஒரு பக்கத்தில் மட்டும் நிலையாக ஒரு சுழி நிற்பது. டோசிங் நீர் எப்போதும் ஒரே மூலையில் வந்து விழுவது. அதாவது, ஒழுங்கற்றதால் நஷ்டமில்லை. ஒழுங்கற்றதற்குள் ஒளிந்திருக்கும் ஒழுங்கால்தான் நஷ்டம். நீரின் கடினத்தன்மை, சரியாகப் போகாத மெழுகு, அவசரத்தில் கொட்டிய சோடா ஆகியவைதாம் திட்டுக்குப் பெரும்பாலும் காரணம் என்று எந்த டையிங் மாஸ்டரும் சொல்வார். அவர் சொல்வது சரி. ஆனால் அந்த ரசாயனக் கோளாறு சீராகப் பரவாமல் திட்டாக விழும் இடத்தை முடிவு செய்வது ஓட்டம்.

பெங்களூரில் கண்ட வெடிப்பு

கொந்தளிப்புக்குள் ஒழுங்கு இருக்கிறது என்பது 1960கள்வரை பெரிதாகப் பேசப்படாத செய்தி. அதைக் கண்டுகொண்டதில் இந்தியாவுக்குப் பெரிய பங்குண்டு. பின்னாளில் இஸ்ரோவை வழிநடத்திய சதீஷ் தவான், பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் கட்டிய காற்றுச் சுரங்கங்களில்தான் இந்தப் பரம்பரை தொடங்கியது. அவரும் மாணவர் ரொத்தம் நரசிம்மாவும் 1958இல், எல்லைப்படலம் வரிச்சீர் ஓட்டத்திலிருந்து கொந்தளிப்புக்கு மாறும்போது கொந்தளிப்புத் திட்டுகள் எப்படிப் பரவுகின்றன என்று எழுதிய கட்டுரை இன்றும் டர்பைன் வடிவமைப்பாளர்கள் எடுத்தாளும் ஒன்று. 1971இல் நரசிம்மா, கே. நரஹரி ராவ், பத்ரி நாராயணன் மூவரும் சுவரை ஒட்டிய ஓட்டம் சீராகக் கொந்தளிப்பதில்லை, விட்டுவிட்டு வெடிக்கிறது என்பதை அளந்து, அந்த வெடிப்புகளின் இடைவெளியைச் சுவரருகே உள்ள சின்ன அளவுகள் தீர்மானிக்கவில்லை, வெளியே உள்ள பெரிய ஓட்டம்தான் தீர்மானிக்கிறது என்று காட்டினார்கள். சுவரையொட்டிய படலத்தைச் சுரண்டும் வேலை அந்த வெடிப்புகளில்தான் நடக்கிறது. இடைப்பட்ட நேரத்தில் படலம் மறுபடி தடிக்கிறது.

இன்னொரு இழை தமிழ்க் குடும்பத்திலிருந்து வருகிறது. லாகூரில் பிறந்து சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த சுப்பிரமணியன் சந்திரசேகர், நட்சத்திரங்களை விட்டுச் சில ஆண்டுகள் கொந்தளிப்பில் இறங்கினார். ஹைசன்பர்க் எழுதிய கொந்தளிப்புச் சமன்பாட்டை 1949இல் தீர்த்தார். 1954இல் யெர்க்ஸ் வானாய்வகத்தில் விரிவுரை நடத்தினார். 1955இல் தாமே ஒரு கோட்பாட்டை வெளியிட்டார். கிரெய்க்னன் அதில் பிழை கண்டார். சந்திரசேகர் அதைப் பிடித்துத் தொங்கவில்லை. ஓட்டம் எப்போது நிலைகுலைகிறது என்ற, தீர்க்கக்கூடிய கேள்விக்குப் போய் 1961இல் அதற்கொரு பெரிய நூலை எழுதினார். நோபல் பெற்ற ஒருவர் வெறுங்கையோடு திரும்பிய இடம் என்பதற்காகவே அந்த விரிவுரைகள் 2011இல் நூலானபோது படிக்கத்தக்கவையாக இருந்தன.

நரசிம்மாவின் மாணவர் கே. ஆர். ஸ்ரீநிவாசன் இதை வேறு திசையில் கொண்டுபோனார். கோல்மகரோவின் 1941 கணக்கு, ஆற்றல் கரையும் வேகத்தின் சராசரியை மட்டும் எடுத்துக்கொண்டது. அந்தச் சராசரி இடத்துக்கு இடம் மாறும்போது கணக்கு எப்படி நிற்கும் என்று லாண்டாவ் அப்போதே ஆட்சேபித்தார். கோல்மகரோவ் 1962இல் தம் கணக்கைத் திருத்தினார். 1980களில் ஸ்ரீநிவாசனும் சார்லஸ் மெனவோவும், கரைவது எங்கும் ஒரேமாதிரி இல்லை, சிறு இடங்களில் குவிந்து கிடக்கிறது என்று காட்டி, அந்தக் குவியலுக்குப் பின்ன வடிவக் கணக்கு எழுதினார்கள். கொந்தளிக்கும் தாரையில் சாயம் கலந்து லேசர் ஒளியில் பார்த்தால், தாரைக்கும் வெளிநீருக்கும் இடையே உள்ள எல்லை சாதாரணப் பரப்பாக இல்லை. அதன் பரிமாணம் 2.36க்கு அருகே. சாயக்காரர் மொழியில் சொன்னால், கலப்பு நடக்கும் பரப்பு பெருகிக்கொண்டே போகிறது, ஆனால் சீராகப் பெருகவில்லை.

பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தில் இந்தக் குவியலின் விலை தெரியும். கழிவில் ரசாயனம் சேர்த்து ஃப்ளாஷ் மிக்சரில் சில விநாடி வேகமாகக் கலக்கி, பிறகு மெதுவாகச் சுழற்றினால் துகள்கள் திரண்டு படிகின்றன. எவ்வளவு வேகம் என்பதற்கு, காம்ப்பும் ஸ்டைனும் 1943இல் தந்த ஜி-மதிப்பை இன்னும் போடுகிறார்கள். மோட்டார் தரும் ஆற்றலை நீரின் கன அளவாலும் பாகியலாலும் வகுத்து வர்க்கமூலம் எடுத்த எண் அது. முழுக்க முழுக்கச் சராசரி. திரண்ட துகளோ சராசரி விசையில் உடைவதில்லை. துடுப்பின் நுனியில், ஆற்றல் குவிந்து கரையும் இடத்தில் உடைகிறது. ஒரே ஜி-மதிப்புள்ள இரண்டு தொட்டிகள் வேறு வேறு படிவைத் தருவது இதனால்தான். ஜி-மதிப்பு ஒரு செல்லுபடியாகும் அளவுதானா என்று 1984இல் ஜான் கிளீஸ்பி கேட்டார். வடிவமைப்பு நூல்கள் அதைப் பெரிதாகக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

ஆர்ஓ பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. லோப், சௌரிராஜன் இருவரும் 1960ஐ ஒட்டிக் கலிஃபோர்னியாவில் உருவாக்கிய சவ்வின் வழித்தோன்றல்கள்தாம் இவை. சவ்வுகளுக்கிடையே உள்ள வலை, அந்தக் குறைந்த ரெனால்ட்ஸ் எண்ணிலும் நீரை அலைக்கழித்து உப்புப் படலத்தைக் கலைக்கிறது. வலையின் ஒவ்வொரு முடிச்சுக்கும் பின்னால் நீர் தேங்கும் ஒரு சின்ன நிழல் உண்டு. சவ்வில் அழுக்குப் படியத் தொடங்குவது அங்கே. மறுபடி அதே கதை: நிலையாக நிற்கும் ஒழுங்கு.

ஆறும் காற்றும்

நொய்யலில் கலப்பு பற்றிய ஒரு தவறான நம்பிக்கை நீண்டகாலம் உலவியது: ஆற்றில் விட்டால் கலந்துவிடும். 30 மீட்டர் அகலமும் அரை மீட்டர் ஆழமும் உள்ள ஓட்டத்தில் ஒரு கரையோரமாக விட்ட சாயம், மறுகரைவரை சீராகக் கலக்கப் பத்து கிலோமீட்டருக்கு மேல் போயாக வேண்டும் என்கிறது வழக்கமான கணக்கு. ஆழம் குறைந்த ஆற்றில் சுழிகளின் அளவை ஆழம்தான் கட்டுப்படுத்துகிறது; அரை மீட்டர் சுழி 30 மீட்டரைக் கடப்பது லேசில் நடக்காது. அதனால்தான் நிறம் ஒரு கரையை ஒட்டியே நெடுந்தூரம் போகும். 1992இல் பாசனத்துக்காகக் கட்டி முடித்த ஒரத்துப்பாளையம் அணையில் நீர் நின்றது. கொந்தளிப்பு தூக்கி வந்ததெல்லாம் அங்கே படிந்தது. கரைந்த உப்பு படியாமல் நிலத்தடிக்கு இறங்கியது. பாசன அணை சாயக்கழிவுத் தேக்கமாக மாறியதில் பாய்மவியலுக்கு மறைவான ஒரு பங்கு உண்டு. குற்றம் மனிதருடையது என்பது வேறு விஷயம்.

மேலே காற்று. பாலக்காட்டுக் கணவாய் வழியே மே முதல் செப்டம்பர்வரை வரும் தென்மேற்குக் காற்றை நம்பி உடுமலை, குடிமங்கலம், தாராபுரம் பக்கம் நிற்கும் காற்றாலைகளில் கணிசமானவை பனியன், நூற்பாலை முதலாளிகளுடையவை. மின்சாரம் காற்று வேகத்தின் மூன்றாம் படியில் போகிறது. ஆகவே ஏற்ற இறக்கம் 15 சதவீதம் இருந்தால், சராசரி வேகத்தை வைத்துப் போட்ட கணக்கைவிடக் காற்றில் உள்ள ஆற்றல் 7 சதவீதம்வரை கூடுதல். லாபம் என்று மகிழ வேண்டாம். இறக்கையின் நார்க்கலவை அலுத்துப்போவது, ஏறத்தாழ விசை ஏற்ற இறக்கத்தின் பத்தாம் படியில். ஏற்ற இறக்கம் இரட்டித்தால் சேதம் ஆயிரம் மடங்கு. சர்வதேசத் தரநிலை காற்றாலைகளை 0.18, 0.16, 0.14, 0.12 என்று கொந்தளிப்பு வகுப்புகளாகப் பிரித்திருப்பது இதற்காகத்தான்.

முன்னால் நிற்கும் காற்றாலையின் வால்காற்று பின்னால் நிற்பதன் மேல் விழுவதற்கு டென்மார்க்கின் ஜென்சன் 1983இல் எழுதிய மாதிரி ஒரு பக்கத்தில் அடங்கும்: வால்காற்று நேர்கோட்டில் விரியும், அதற்குள் வேகம் சீராகக் குறையும். ஆண்டு உற்பத்திக்கு அது வியக்கத்தக்க அளவு பொருந்துகிறது. கியர்பாக்ஸ் எப்போது போகும் என்று அதனிடம் கேட்கக் கூடாது. தமிழ்நாடு அரசு 2024இல் கொண்டுவந்த காற்றாலைப் புதுப்பிப்புக் கொள்கைப்படி பழைய சிறு காற்றாலைகள் போய் நூறு மீட்டருக்கு மேல் உயரமுள்ளவை வரும்போது, இறக்கையின் அடிநுனி ஒரு காற்றிலும் மேல்நுனி இன்னொரு காற்றிலும் சுழலும். பகலில் சூடேறிய கரிசல் நிலத்திலிருந்து எழும் சுழிகளும், இரவில் அடங்கிப் படுக்கும் காற்றும் அந்த உயரத்தில் எப்படி இருக்கின்றன என்பது 40 மீட்டர்க் கம்பத்தில் எடுத்த பழைய அளவீட்டிலிருந்து தெரியாது.

கணினி எவ்வளவு தூரம்

எந்த அனுமானமும் இல்லாமல் சமன்பாட்டை அப்படியே கணினியில் தீர்க்க முடியாதா? முடியும். கிம், மொயின், மோசர் மூவரும் 1987இல் இரு தட்டுகளுக்கிடையே ஓடும் ஓட்டத்துக்கு 40 லட்சம் புள்ளிகளில் செய்து காட்டினார்கள். 2002இல் ஜப்பானின் எர்த் சிமுலேட்டரில் ஒரு பக்கத்துக்கு 4,096 புள்ளிகள் கொண்ட பெட்டி. அண்மையில் அமெரிக்காவின் ஃபிரான்டியர் கணினியில் பி. கே. யூங் குழுவினர் 32,768 புள்ளிகள் கொண்ட பெட்டி, மொத்தம் 35 லட்சம் கோடி புள்ளிகள். நம் சாஃப்ட்ஃப்ளோ நாசிலுக்கு வேண்டியது, ரெனால்ட்ஸ் எண்ணின் 9/4ஆம் படி என்ற கணக்கில், ஏறத்தாழ 10 லட்சம் கோடி. உலகின் ஆகப்பெரிய கணினிகளில் ஒன்றை முழுதாக எடுத்துக்கொண்டால் ஒரு நாசிலின் சில விநாடிகளைத் தொட்டுப் பார்க்கலாம். அதுவும் துணி இல்லாமல், சாயம் இல்லாமல். சாயத்தின் நுண்தாள்களையும் சேர்த்தால் இன்னும் முப்பதின் மூன்றாம் படி, அதாவது 27,000 மடங்கு.

பெரிய சுழிகளை மட்டும் தீர்த்துச் சிறியவற்றுக்கு மாதிரி வைக்கும் வழியை ஸ்மகோரின்ஸ்கி 1963இல் வானிலைக்காகச் சொன்னார். நிலையாக நிற்கும் சுழியைக் கண்டுபிடிக்க இதுதான் இன்று நடைமுறையில் இருக்கும் நல்ல கருவி என்பது என் எண்ணம். சராசரி மாதிரிகள் 1990களுக்குப் பிறகு பெரிதாக நகரவில்லை என்று நாசாவின் 2014 அறிக்கையே ஒப்புக்கொண்டது. 2016இல் ஜூலியா லிங் குழுவினர், திசை திருப்பினாலும் இயற்பியல் மாறாதபடி கட்டிய நரம்பு வலையமைப்பைக் கொண்டு ரெனால்ட்ஸின் அந்த மறையாத உறுப்பைக் கற்கவைத்தபோது ஒரு புதிய கதவு திறந்ததாகப் பலரும் கருதினார்கள். கற்பித்த ஓட்டத்துக்கு அருகே உள்ள ஓட்டங்களில் அது நன்றாக வேலை செய்கிறது. வடிவம் மாறினால் தடுமாறுகிறது. கே-எப்சிலானின் ஐந்து மாறிலிகளை ஐந்து லட்சமாக்கியிருக்கிறோம். எதைப் பார்த்துப் பொருத்தினோமோ அதற்கு வெளியே போகக் கூடாது என்ற விதி அப்படியே இருக்கிறது.

சாயப்பட்டறைக்கு அந்தப் பொருத்துவதற்கான தரவே கிடையாது. ஆய்வகத்தில் சூட்டுக்கம்பி வைத்துக் காற்றை அளக்கலாம். நீரில் துகள் தூவி லேசரில் படமெடுக்கலாம். எஃகு மெஷினுக்குள், உப்பும் நூல்துகளும் கலந்த கரும் நேவி ப்ளூவில் கம்பி நிற்காது, லேசர் புகாது. மடிப்பு விழாமலிருக்க ஊற்றும் லூப்ரிகண்டுகள் சிலவற்றில் நீண்ட சங்கிலிப் பாலிமர் உண்டு. அப்படிப்பட்டது மிகச் சிறிய அளவில் இருந்தாலே குழாயின் கொந்தளிப்பு உராய்வு பெரிதும் குறையக்கூடும் என்று டாம்ஸ் 1948இல் காட்டிவிட்டார். வழக்கமான எந்த மாதிரியிலும் அதற்கு இடமில்லை. ஆனால் ஒளி புகாத திரவத்தை ஒலியால் அளக்கலாம். ஜப்பானியரான தாக்கேடா 1986இல் தொடங்கி, குழாய்ச் சுவருக்கு வெளியிலிருந்து மீயொலி செலுத்தி, எதிரொலியின் அலைவெண் மாற்றத்திலிருந்து உள்ளே ஒவ்வொரு ஆழத்திலும் உள்ள வேகத்தைப் படிக்கும் முறையை வளர்த்தார். திரவ உலோகத்துக்கே பயன்படும் முறை, சாய நீருக்குப் பயன்படாமல் போக நியாயமில்லை. நாசிலுக்கு முன்னும் பின்னும் நான்கு பக்கமும் உணரி வைத்து, துணி நூறு சுற்று சுற்றுவதைப் பதிய வேண்டும். கன்ட்ரோலர் காட்டும் சராசரி ஓட்டம் இங்கே உதவாது. விநாடிக்கு ஆயிரம் அளவுகள் வேண்டும். எந்தச் சுற்றில், துணியின் எந்த மீட்டரில், எந்தப் பக்கம் ஓட்டம் நலிந்தது என்று தெரிய வேண்டும். பிறகு அதே மீட்டரை வெட்டி எடுத்து நிறமானியின் கீழ் வைத்து இரண்டையும் ஒப்பிடலாம்.